கையில் கேனோடு ஓடுகிறவன்

பழைய செய்திப் படங்களில், சாவு வீடாகவே இருந்தாலும், யாராவது ஒருத்தர் கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நிற்பார். அவரை வெட்டி எடுப்பது என் அன்றாட வேலை.

தொலைக்காட்சி நிலையத்தின் பழைய காட்சிகளெல்லாம் என் பொறுப்பு. "சார், ஒரு வெள்ளம் இருக்கா?" என்று கத்தரிக்காய் கேட்பதுபோல் இயக்குநர்கள் வந்து நிற்பார்கள். எந்த ஊர், எந்த வருடம் என்று ஒருவரும் கேட்டதில்லை. ஒரே வெள்ளத்தை மூன்று ஊருக்குக் கொடுத்திருக்கிறேன். ஜனமும் உச்சுக்கொட்டிவிட்டுச் சாப்பாட்டைத் தொடரும். பழைய காட்சி என்றால் மூலையில் 'கோப்புக் காட்சி' என்று போடுவது மட்டும் வழக்கம். அதைப் போடுகிறவன் நான்.

என் தங்கை புருஷனுக்கு மிக்ஸி ரிப்பேர் கடை. வாய் ஜாஸ்தி. விசேஷ வீடுகளில் எல்லார் முன்னாலும், "மச்சானுக்கு என்ன உத்தியோகம்? பிணவறைக் காவல்" என்பான். தங்கையும் சிரிப்பாள். நானும் சிரித்துவைப்பேன். பெருந்தன்மை என்று ஒன்று இருக்கிறதல்லவா.

போன மாதம் ஒரு இயக்குநர் வந்தார். பள்ளிக்கூடம் எரிந்து குழந்தைகள் செத்த பழைய வழக்கைப் படமாக்குகிறாராம். தீ வைத்தவன் கடைசிவரை அகப்படவில்லை. "யாராச்சும் ஓடுற மாதிரி ஒரு ஷாட் போதும் சார்" என்றார். பள்ளி எரிந்த அதே கோடையில் எடுத்த தண்ணீர்ப் பஞ்சக் காட்சி ஒன்று என்னிடம் இருந்தது. கேனைத் தூக்கிக்கொண்டு ஒருவன் ஓடுவான். ஓடிப்போய்த் தண்ணீர் லாரிக்கு முன்னால் நிற்பான். அது என் மாப்பிள்ளை, அந்த மிக்ஸிக் கடைக்காரன். படத்தில் லாரி வருவதற்குள் வெட்டிக் கொடுத்தேன். மூலையில் எதுவும் போடவில்லை.

'தீ வைத்தவன் தப்பி ஓடினான்' என்று டிவியில் குரல் சொன்னது. மாப்பிள்ளை ஓடினான். போலீஸ் அதிகாரி ஐயா, நீங்களும் பார்த்துப் பல்லைக் கடித்திருப்பீர்கள். அது காலிக் கேன் என்று உங்களுக்குக்கூடத் தோன்றியிருக்காது.

தெருவுக்கு அவன் முகம் தெரியுமே. மறுநாள் கடையை நொறுக்கிவிட்டார்கள். தங்கை ஓடிவந்தாள். அதைப் படமெடுத்த அன்று அவளும் அந்த லாரிக்குக் காத்து நின்றவள்.

"அண்ணா, அடுத்தாப்ல தண்ணி லாரி வரும்ல? அதை மட்டும் டிவில போடச் சொல்லுண்ணா. அவரை விட்டுடுவாங்க."

"மீதி அழிஞ்சு போச்சும்மா" என்றேன். அப்போது அழிந்திருக்கவில்லை. அவள் போன பிறகு அழித்தேன். எனக்குப் பொய் சொல்லிப் பழக்கமில்லை.

அன்று சாயங்காலம் தெருமுனையில் அவனை அடித்தே கொன்றார்கள். அடித்தவர்களில் பிள்ளையைப் பறிகொடுத்தவர் ஒருவரும் இல்லை. சும்மா டிவி பார்த்தவர்கள்.

எல்லாம் முடிந்தபின் தங்கை மறுபடி வந்தாள். "அவர் நடமாடுற மாதிரி ஒரு படம்கூட எங்கிட்ட இல்லண்ணா" என்று அழுதாள். பாவமாக இருந்தது. மிச்சமிருந்த அந்த ஓட்டத்தையே பிரதி எடுத்துக் கொடுத்தேன். அதைத்தான் உங்களிடம் கொண்டுவந்து காட்டினாளாம்.

மூலையைப் பார்த்தீர்களா? 'கோப்புக் காட்சி' என்று மறக்காமல் போட்டிருக்கிறேன். வேலையில் என்னை ஒருத்தர் குறை சொல்ல முடியாது.