எத்தனை அடி போகும்?

மாரித்தாய்: அதெல்லாம் இருக்கட்டும் தம்பி. இந்தப் புல்லு மருந்து மண்ணுக்குக் கீழ எம்புட்டு தூரம் போகும்? அதச் சொல்லு.

இன்னாசிராஜ்: கீழயா? உர மருந்துக் கடை போட்டு நாலு வருசமாச்சுக்கா. எம்புட்டு நாள்ல புல்லு சாகும்னு கேப்பாக. என்ன வெலைன்னு கேப்பாக. எம்புட்டு ஆழம் போகும்னு கேட்ட மொத ஆளு நீங்கதான்.

மாரித்தாய்: மொத ஆளுன்னா ஏதும் பரிசு தாரியா?

இன்பமேரி: அக்கா, மொதல்ல உள்ள வாங்க. தூறல் விழுது. வாசல்ல நின்னு எதுக்கு நனையுதீக?

மாரித்தாய்: இல்ல தாயி, இங்கயே நிக்கேன். அந்த வாடை எனக்கு ஒத்துக்காது.

இன்பமேரி: எந்த வாடை?

மாரித்தாய்: மருந்து வாடைதான். கடை முழுக்க அடிக்குல்ல...

இன்னாசிராஜ்: எனக்கு ஒண்ணும் அடிக்கலையே.

இன்பமேரி: உங்களுக்கு எப்படி அடிக்கும்? நீங்க வீட்டுக்கு வந்தா எனக்குல்லா அடிக்குது. கட்டுன நாள்லருந்து சொல்லுதேன், காதுல ஏறுனாத்தான.

இன்னாசிராஜ்: வந்த ஆளுக்கு முன்னால ஆரம்பிச்சுட்டியா? நீங்க சொல்லுங்கக்கா. எந்தப் பக்கம் நீங்க? பாத்த மொகமா இருக்கு. கடைக்கு வந்ததில்ல.

மாரித்தாய்: பேரு மாரித்தாய். முப்பது வருசம் எஸ்டேட்டுல தேயிலைக் கொழுந்தெடுத்தேன். சர்வீஸ் முடிஞ்சதும் கம்பெனி குடுத்த லயத்து வீட்டக் காலி பண்ணிக் குடுத்துட்டு, மேல காலனியில மூணு சென்ட்டு வாங்கிப் போயிட்டோம். தண்ணி டேங்குக்குப் பக்கத்து வீடு.

இன்னாசிராஜ்: மூணு சென்ட்டு. அதுல வீடு போனா முற்றம் ஒரு சென்ட்டு இருக்குமா? அதுக்குப் போயி மருந்தா? அருவாள எடுத்தா ஒரு காலையில முடிஞ்சிரும்.

மாரித்தாய்: அருவாள நான் எடுத்துருவேன். இடுப்பு விடணுமே. கொழுந்துக் காட்டுச் சரிவுல விழுந்து பிளேட்டு வச்சிருக்கு. குத்தவச்சா எந்திரிக்க ரெண்டு ஆளு வேணும்.

இன்பமேரி: கூலிக்கு ஆளு கூப்பிடலாம்லக்கா?

மாரித்தாய்: யாரு வாரா? விடியுறதுக்குள்ள எல்லாரும் ஏலத்தோட்டத்துக்கு ஜீப்பு ஏறிருதாக.

இன்னாசிராஜ்: நம்ம ஜின்சன்ட்ட புல்லு வெட்டுற மெஷின் இருக்கு. சொல்லி விடட்டா? அர மணி நேர வேலை.

மாரித்தாய்: வேண்டாம்ப்பா. அவன் பூட்ஸப் போட்டுக்கிட்டு எல்லா எடத்துலயும் திங்கு திங்குன்னு மிதிப்பான்.

இன்னாசிராஜ்: மிதிக்காம எப்படிக்கா வெட்டுவான்? பறந்துக்கிட்டா?

மாரித்தாய்: ...மெஷின் வேண்டாம் தம்பி.

இன்பமேரி: ஒரு ஆட்டக் கட்டிப் போட்டாக்கூட...

மாரித்தாய்: கட்டுனேன் தாயி. பக்கத்து வீட்டு நாச்சம்மாள்ட்ட வாங்கிக் கட்டுனேன். புழுக்கை போட்டுருச்சு. அவுத்து வெரட்டிட்டேன்.

இன்னாசிராஜ்: ஆடு புழுக்கை போடாம பின்ன பூவா போடும்?

இன்பமேரி: நீங்க வேற! அக்கா, அப்படி என்ன அவசரம்?

மாரித்தாய்: ஞாயித்துக்கிழமை எம்மக வாரா. கற்பகம். மருமகனுக்குக் கஞ்சிக்கோட்டுல கம்பெனி வேலை. பிள்ளையப் பெத்துட்டு மொத மொதல்ல இங்க வாரா. பச்சப்பிள்ளையத் தூக்கிட்டு மலை ஏறக் கூடாதுன்னு மாமியாக்காரி இத்தன நாளு விடல. இப்ப எட்டு மாசம். தவழுதான். போன்ல காட்டுனா... விட்டா போன்லருந்தே எறங்கி வந்துருவான் போல.

இன்பமேரி: ஐயோ, பேரனா! சொல்லவே இல்ல பாருங்க!

மாரித்தாய்: முற்றத்துல முழங்கால் மட்டும் புல்லு நிக்குது. அட்டை ஏறுது. போன வாரம் பாம்புச் சட்டை கெடந்துச்சு. இன்னைக்கு புதன். அவ வந்து பாத்துட்டு, ‘ஏம்மா, இப்படியா போட்டு வச்சிருக்க’ன்னு கேட்டா எம் மூஞ்சிய எங்க கொண்டு போயி வைக்க?

இன்பமேரி: புல்லு வளந்ததுக்கா கேப்பா? இந்த மழைக்கு எல்லா வீட்லயும்தான் வளருது.

மாரித்தாய்: அவ கேப்பா தாயி. கேக்க அவளுக்கு உரிமை இருக்கு.

இன்னாசிராஜ்: சரி, வேலையப் பாப்போம். என்ன புல்லு?

மாரித்தாய்: கோரை, அருகு, ஓரத்துல தொட்டாவாடி. நடுவுல ஒரு எடத்துல மட்டும் நல்லாத் தழைஞ்சு போயி நிக்கு.

இன்னாசிராஜ்: ஒரு எடத்துல மட்டுமா? உரம் கிரம் கொட்டுனீகளா?

மாரித்தாய்: இல்ல... மண்ணு கெளறுன எடம்.

இன்னாசிராஜ்: அப்பக் கேளுங்க. மருந்துல மூணு தினுசு. ஒண்ணு, எலையில பட்டு வேர் வரைக்கும் எறங்கும். கோரைக்கு அதான் சரி.

மாரித்தாய்: வேண்டாம்.

இன்னாசிராஜ்: முழுசாக் கேளுங்கக்கா. ரெண்டாவது மண்ணுல அடிக்கிறது. மண்ணுக்குள்ளயே கெடந்து, வெத மொளைக்க விடாம...

மாரித்தாய்: அது வேண்டவே வேண்டாம்.

இன்னாசிராஜ்: மூணாவது, மேலாக்க எலைய மட்டும் கருக்கும். ரெண்டு நாள்ல காஞ்சிரும். ஆனா மாசம் திரும்புனா புல்லும் திரும்ப வந்துரும். காசுக்குக் கேடு.

மாரித்தாய்: வந்துட்டுப் போகுது. அது கீழ போகாதா?

இன்னாசிராஜ்: போகாது.

மாரித்தாய்: மழை பெஞ்சா? ஊறி எறங்காதா?

இன்னாசிராஜ்: அக்கா, முற்றத்துல கெணறு கிணறு இருக்கா?

மாரித்தாய்: இல்ல. பஞ்சாயத்து பைப்புதான்.

இன்னாசிராஜ்: அந்தப் பைப்பு கீழ போகுதா?

மாரித்தாய்: அது வேலி ஓரமாப் போகுது.

இன்னாசிராஜ்: பெறகு என்னத்துக்கு கீழ கீழன்னு கேக்கீக?

மாரித்தாய்: சும்மாதான் கேட்டேன். நாச்சம்மா சொன்னா, போடியில இன்னொரு மருந்து இருக்காம், ஒரு வாட்டி அடிச்சா வருசத்துக்கும் புல்லு எட்டிப் பாக்காதாம். அது எப்படி?

இன்னாசிராஜ்: எட்டிப் பாக்காதுன்னா வேரையே அழிச்சிருச்சுன்னுல்ல அர்த்தம்? அது இதவிட... ஒரு நிமிசம்க்கா, போன் அடிக்குது. ஆ, டிஜோ, சொல்லு. ஏலத்துக்கு உரமா? வந்துருச்சு. இல்லப்பா, கடையில ஆளு நிக்காக, பெறகு கூப்புடு... ஆங், எதுல விட்டேன்?

மாரித்தாய்: போடியில.

இன்னாசிராஜ்: அது வேண்டாம். மேலாக்கக் கருக்குறதே தாரேன். ஆனா அடிக்கும்போது...

மாரித்தாய்: காத்துக்கு எதுக்க நின்னு அடிக்கக் கூடாது. மூக்கையும் வாயையும் கட்டிக்கணும். அடிச்சு முடிச்சதும் பம்ப மூணு வாட்டி கழுவணும். போட்டிருந்த துணிய வீட்டுத் துணியோட சேத்துத் தொவைக்கக் கூடாது. பிள்ளைக பக்கத்துல போகக் கூடாது.

இன்னாசிராஜ்: பாருடா! கிருஷி பவன் விவசாய ஆபீசரு கூட இம்புட்டு சொல்ல மாட்டாரு. கொழுந்தெடுத்தவுகளுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்?

மாரித்தாய்: எஸ்டேட்டுல கெடந்தவளுக்கு எல்லாந்தான் தெரியும்.

இன்னாசிராஜ்: அடிச்சுக் குடுக்க வீட்ல அண்ணாச்சி இருக்காருல்ல?

மாரித்தாய்: அவரு போன ஆடியில போய்ச் சேந்துட்டாரு. சுடலைன்னு பேரு. இப்ப நான் ஒத்தையிலதான்.

இன்னாசிராஜ்: ...மேரி, கொஞ்சம் இப்படி வா.

இன்பமேரி: என்னங்க?

இன்னாசிராஜ்: மெதுவாப் பேசு. புருசன் போயிட்டாராம். ஒத்தையில இருக்காம். உள்ளயும் வர மாட்டேங்குது, கேக்குறதும் ஒரு மாதிரி இருக்கு. மருந்து குடுக்கவா, வேண்டாமா? எனக்கு என்னமோ மனசுக்குச் சரியாப் படல.

இன்பமேரி: மாதாவே... வாய மூடுங்க.

மாரித்தாய்: எங்காது நல்லாத்தான் கேக்கும் தம்பி.

இன்னாசிராஜ்: ஐயையோ, இல்லக்கா, நான் சும்மா...

மாரித்தாய்: சாகப் போறவ எதுக்குப்பா ஞாயித்துக்கிழமைக்குள்ள முற்றத்தச் சுத்தம் பண்ணணும்? எம்பேரன நான் இன்னும் ஒரு வாட்டி கூடத் தூக்கல. உனக்குப் பயமா இருந்தா நீயே வந்து அடிச்சுட்டு, பாட்டிலத் திரும்ப எடுத்துட்டுப் போ.

இன்னாசிராஜ்: கோவிச்சுக்காதீக. மருந்து விக்கிறவன் புத்தி அது. யாரு வந்தாலும் ரெண்டு வாட்டி கேட்டுட்டுத்தான் எடுத்துக் குடுப்பேன்.

மாரித்தாய்: நல்ல புத்திதான். மாத்திக்கிறாத.

இன்பமேரி: இந்தாங்கக்கா, டீ. அங்கயே நின்னு குடிங்க. நான் ஒண்ணு சொல்லட்டா? மருந்தே வேண்டாம். எங்கம்மா முற்றத்துப் புல்லுக்குக் கொதிக்கக் கொதிக்க வெந்நி ஊத்தும். அன்னைக்கே வதங்கிரும்.

இன்னாசிராஜ்: நல்லா யாவாரம் பண்ணுத, போ. கடைய மூடிட்டு வெந்நி வைப்போம்.

மாரித்தாய்: வெந்நியா... சுடும்ல?

இன்பமேரி: புல்லுக்குத்தானக்கா சுடும்?

மாரித்தாய்: ஆமா... புல்லுக்குத்தான்.

இன்பமேரி: இல்லாட்டி உப்பு. கல்லுப்ப அள்ளித் தூவி விட்டா...

மாரித்தாய்: உப்பு அங்க ஏற்கெனவே போட்டிருக்கு.

இன்னாசிராஜ்: போட்டுமா புல்லு வளருது? எம்புட்டு போட்டீக?

மாரித்தாய்: ஒரு சாக்கு.

இன்னாசிராஜ்: ஒரு சாக்கா! ஏக்கா, முற்றத்துல ஒரு சாக்கு உப்பக் கொட்டுனா அருகு என்ன, ஆலமரமே பட்டுப் போகுமே!

மாரித்தாய்: மேல இல்ல தம்பி. கீழ.

இன்னாசிராஜ்: கீழன்னா? தோண்டியா போட்டீக? உப்ப எதுக்குத் தோண்டி...

இன்பமேரி: ஏங்க, செத்த நேரம் சும்மா இருங்க. ...அக்கா. அண்ணாச்சிய முற்றத்துலயா வச்சிருக்கீக?

மாரித்தாய்: ஆமா தாயி. முற்றத்துலதான் இருக்காரு.

இன்னாசிராஜ்: ஏசுவே...

மாரித்தாய்: அந்த ஆடியில நாலு நா விடாம பெஞ்சுச்சுல்ல. மண்ணு சரிஞ்சு ரோடே இல்ல. எஸ்டேட்டு இடுகாட்டுக்கு அந்தச் சரிவத் தாண்டித்தான் போகணும். எத்தன நாளைக்கு ஒரு மனுசன வீட்டுக்குள்ள போட்டு வச்சிருக்க முடியும்? காலனி ஆளுக நாலு பேரு சேந்து, தார்ப்பாயப் புடிச்சுக்கிட்டு முற்றத்துலயே தோண்டி, உப்பக் கொட்டி அடக்கம் பண்ணுனாக. கற்பகத்துக்கு அப்ப ஏழு மாசம். கீழருந்து ஏறி வர வழியில்ல. அப்பன் மொகத்தப் போன்லதான் பாத்து அழுதா.

இன்பமேரி: ஐயோ அக்கா...

மாரித்தாய்: ஞாயித்துக்கிழமைதான் மொத மொதல்ல அப்பன்ட்ட வாரா. ‘வந்ததும் பிள்ளைய அப்பா பக்கத்துல எறக்கி விடணும்மா’ங்கா. அந்த எடம் காடு மண்டிக் கெடந்தா எப்படி எறக்கி விடுவா?

இன்னாசிராஜ்: இத மொதல்லயே சொல்ல வேண்டியதுதானக்கா? நான் பாட்டுக்கு ஆடு, பூவுன்னு கேலி பேசிக்கிட்டு...

மாரித்தாய்: அவரு மேல மருந்து எறங்கிரும்னு சொன்னா சிரிப்பீக.

இன்னாசிராஜ்: யாரு சிரிக்கா?

மாரித்தாய்: நாச்சம்மாளே சிரிச்சா.

இன்பமேரி: விடுங்கக்கா. சனிக்கிழமை காலையில நான் வாரேன். நீங்க ஸ்டூலப் போட்டு உக்காந்து கதை பேசுங்க, நான் கையால புடுங்குதேன். மெதுவா, மிதிக்காம.

மாரித்தாய்: உனக்கு எதுக்கு தாயி இந்தச் செரமம்...

இன்னாசிராஜ்: இவ ஒருத்தி புடுங்கி முடிக்கத் திங்கக்கிழமை ஆயிரும். அக்கா, நான் சொல்லுறதக் கேளுங்க. மேலாக்கக் கருக்குற மருந்து மண்ணுக்குள்ள ஒரு சாண் கூட எறங்காது. அண்ணாச்சி ஆறடிக்குக் கீழ இருக்காரு.

மாரித்தாய்: ஆறடி இல்ல தம்பி. பாறை வந்துருச்சு. நாலடிதான் தோண்ட முடிஞ்சுது.

இன்னாசிராஜ்: நாலடியே இருக்கட்டும். எறங்காது. அப்படியே ஒரு சொட்டு எறங்குனாலும்... தப்பா நெனைக்காதீக, எறந்து போனவர அது இனி என்னக்கா பண்ணிரும்?

மாரித்தாய்: ஒண்ணும் பண்ணாதுதான் தம்பி. எனக்கும் தெரியும். இருபத்தாறு வருசம் அவரு எஸ்டேட்டுல மருந்து பம்பு தூக்குனவரு. பம்பக் கழுவணும், துணியத் தனியாத் தொவைக்கணும்னு சொன்னேன்ல, அதெல்லாம் அவரு சொல்லிக் குடுத்ததுதான். எத்தன வாட்டி குளிச்சாலும் அந்த வாடை அவர விட்டுப் போகாது. பிள்ளை மேல மருந்து ஒட்டிரும்னு கற்பகத்த அவரு தூக்குனதே இல்ல. தொட்டில் கயித்தப் புடிச்சு ஆட்டிக்கிட்டு தள்ளியே நிப்பாரு. கடைசியா மூச்சு வாங்கிக்கிட்டு எங்கிட்டக் கேட்டது ஒண்ணே ஒண்ணுதான். ‘என்னக் குளிப்பாட்டும்போது மூணு வாட்டி சோப்பு போட்டுரு புள்ள. பேரப்பிள்ள எம்பக்கத்துல வரும்ல’ன்னாரு. மூணு வாட்டி போட்டுத்தான் வச்சேன். இப்பந்தான் தம்பி அந்த மனுசன் வாடையில்லாமப் படுத்திருக்காரு.