சேர்மனுக்கு நாலரை மூடி

— அக்கா! டெஸ்பாட்ச் அக்கா! ஓடி வாங்க, சேர்மன் சாயறாரு!

— எந்தச் சேர்மன்டா? சனிக்கிழம மத்தியானம் எவன் ஆபீஸுக்கு வந்து சாயறான்?

— மீனுக்கா! மேனேஜர் ரூம் மீன்! தல பொடச்சிக்கிட்டு இருக்குமே, அவரே ஆசையா சேர்மன்னு பேரு வெச்சாரே, அது! பாருங்க, மேல வந்து வாயத் தொறந்து தொறந்து மூடுது!

— கைய ஆட்டாத, கணக்குத் தம்பி, என் ஃபைல் மேல தண்ணி தெறிக்குது. மேல கேமரா வேற இருக்கு. சாப்பிட்டதும் அவரு போனத் தொறந்து இந்த ரூமத்தான் பாப்பாரு. மொதல்ல என்ன பண்ணேன்னு சொல்லு.

— ஒண்ணும் பண்ணல. சுத்தம் பண்ணேன்.

— இந்த ஆபீஸ்ல சும்மா இருக்கறவன் யாரையும் சாகடிக்கல. வேல செஞ்சவன்தான் மாட்டுவான். எப்படிச் சுத்தம் பண்ண?

— வெளியூர் ஆய்வுக்குப் போறப்ப அவருதான் சொல்லிட்டுப் போனாரு. தொட்டி பாசி புடிச்சிருக்கு, திங்கக்கிழம நான் வர்றப்ப பளிச்சுன்னு இருக்கணும்னு. பாதித் தண்ணிய எடுத்துட்டு, குழாய்ல ஓஸ் மாட்டி நேரா உள்ள விட்டுட்டேன்.

— குழாய்த் தண்ணியவா? காலையில அதுல மூஞ்சி கழுவிட்டு எனக்குக் கண்ணெல்லாம் எரிச்சல். அவ்வளவு மருந்து கலந்து விடறாங்க. கைக்குட்டைய நனச்சா சாயம் போயிடும்.

— மனுஷன் குடிக்கற தண்ணிதானேக்கா!

— நீ அதக் குடிக்கற. அது அதுக்குள்ள மூச்சு விடுது.

— அக்கா, திங்கக்கிழம எங்க ஊருக்குப் போற என் டிரான்ஸ்ஃபர் ஆர்டர்ல அவரு கையெழுத்துப் போடணும். எட்டு மாசமா நடையா நடந்து இப்பத்தான் அவரு மேஜை வரைக்கும் வந்திருக்கு. போன தடவ ஊருக்குப் போனப்ப என் பொண்ணு என்னப் பாத்து வீல்னு அழுதாக்கா. வீட்ல இருக்கற மீனப் பாத்து சிரிக்கறா. பெத்த அப்பன் யாரோ எவனோ மாதிரி நிக்கறேன். இது செத்துச்சுன்னா கையெழுத்துப் போடுவாரா?

— நீ சேர்றதுக்கு முன்னாடி இதே மாதிரி ஒரு மீன் செத்துச்சு. அதப் பாத்துக்கிட்டிருந்த ஸ்டோர்காரன அன்னிக்கு சாயங்காலமே தூக்கிட்டாரு. டிபன் பாக்ஸ எடுத்துக்கக்கூட விடல.

— ஐயய்யோ! வேலைய விட்டேவா?

— வேலைய விட்டு இல்ல, இந்த ஆபீஸ விட்டு. கத பேசற நேரமா இது? உன் சேர்மன் கவுறாரு பாரு.

— என் பொண்டாட்டிக்குப் போன் போடறேன். அவதான் வீட்ல மீன் வளக்கறா. ஸ்பீக்கர்ல போடறேன் இருங்க. ஹலோ! ஹலோம்மா!

— மெதுவா! பாப்பாவ இப்பத்தான் தூங்க வெச்சேன். என்னங்க, ஆர்டர் வந்துடுச்சா?

— மீன் சாகுது!

— நம்ம மீனா? நான் தொட்டி முன்னாடிதான் ஒக்காந்திருக்கேன். எல்லாம் ஜம்முனுதான் சுத்துது.

— நம்ம மீனில்ல, மேனேஜர் மீன்! குழாய்த் தண்ணிய நேரா விட்டுட்டேன்!

— அட அறிவாளி! நான் வாளித் தண்ணில நீல மருந்து ஊத்திக் கலக்கிட்டுத்தானே தொட்டில ஊத்துவேன்? நீங்க பக்கத்துலயே நின்னு பாத்துக்கிட்டுத்தானே இருந்தீங்க?

— நான் ஒன்னத்தானே பாத்துக்கிட்டிருந்தேன்.

— ஸ்பீக்கர்ல நானும் இருக்கேன்மா. டெஸ்பாட்ச்.

— ஐயோ, வணக்கம்க்கா! அக்கா, அங்கதான் எங்கயாச்சும் வாட்டர் கண்டிஷனர்னு ஒரு சின்ன பாட்டில் இருக்கும், பாருங்க. தண்ணில இருக்கற குளோரின முறிக்கற மருந்து. அந்தக் குளோரின்தான் மீனோட செவுள எரிக்குது. மருந்து விழுந்தா ரெண்டு மூணு நிமிஷத்துல அடங்கிடும். சீக்கிரம்!

— ஏம்மா, அதுவரைக்கும் மீனத் தூக்கி வேற வாளில போடட்டா?

— அந்த வாளில எந்தத் தண்ணிய ஊத்துவீங்க?

— குழாய்த் த... சரி, போடல.

— தேடுங்க, தேடுங்க!

— மேஜைக்குக் கீழ இல்ல. அலமாரில வலை இருக்கு, தீனி டப்பா இருக்கு. அதுக்குப் பக்கத்துல வட்டமா ஒரு எடத்துல மட்டும் தூசி கொறச்சலா இருக்கு! இங்கதான் இருந்திருக்கு! எவனோ எடுத்துட்டான்! அக்கா, எவனோ திட்டம் போட்டு எடுத்திருக்கான்!

— என்ன கலருன்ன?

— நீலம்க்கா.

— மூடி வெள்ளையா இருக்குமா?

— இருக்கும்க்கா, எங்க வீட்ல இருக்கறதும் அப்படித்தான்.

— மேல மீன் படம் போட்டிருக்குமா?

— ஆமாக்கா!

— அப்ப அது இங்க்கு இல்லையா?

— அக்கா?

— மொறைக்காத. ஸ்டாம்ப் பேடு காஞ்சு கெடந்துச்சு. ஸ்டேஷனரி கேட்டு எழுதினா அடுத்த தலைமுறைதான் வாங்கும். இங்க வந்து பாத்தேன், நீலமா ஒரு பாட்டில் இருந்துச்சு. எடுத்து ஊத்தினேன். மீன் படத்த கம்பெனி முத்திரைன்னு நெனச்சேன்.

— அதான் ஒரு மாசமா நம்ம சீல் பொகை மாதிரி விழுதா! தலைமை ஆபீஸ்லேருந்துகூட சீல் தெளிவா இல்லன்னு எழுதினாங்களே!

— எழுதினாங்க. இனிமே தெளிவா இருக்கும்னு பதில் அனுப்பினேன். அதுலயும் அதே சீல்தான் வெச்சேன்.

— அக்கா, மிச்சம் இருக்கா, இல்லையா? இதுக்கு அப்புறம் சிரிச்சுக்கறேன், இப்ப பயமா இருக்கு!

— நீ இரும்மா. என் டிராயர்லதான் இருக்கு. இதோ... இந்தா.

— வந்துடுச்சு! வந்துடுச்சும்மா! நேரா ஊத்தட்டா? கவுத்துடட்டா?

— நில்லுங்க! லேபிள்ல அளவு போட்டிருக்கும். அதப் படிங்க மொதல்ல.

— குடு, நான் படிக்கறேன். எறும்பு முட்ட சைஸுல அடிச்சிருக்கான்... ஒரு மூடிக்கு நாப்பது லிட்டர்.

— தொட்டி எத்தன லிட்டர்?

— யாருக்கும்மா தெரியும்! தொட்டி மேல எழுதியா இருக்கு?

— கணக்குப் பிரிவுலதானே சம்பளம் வாங்கறீங்க? ஸ்கேலெடுத்து அளங்க. நீளம், அகலம், தண்ணி நிக்கற ஒயரம். செண்டிமீட்டர்ல பெருக்கி ஆயிரத்தால வகுத்தா லிட்டர்.

— அக்கா, அந்த முனையப் புடிங்க! நூத்தி இருவது. நாப்பது. ஒயரம் நாப்பத்தஞ்சு. கால்குலேட்டர் எங்க? விடுங்க, மனசுலயே போடறேன். இருநூத்திப் பதினாறு லிட்டர்!

— பாதித் தண்ணிதானே புதுசு? பாதிக்கு ஊத்தினாப் போதாதா?

— போதாதுக்கா. நேரா தொட்டிக்குள்ள ஊத்தறப்ப முழுத் தொட்டிக்கும்தான் கணக்கு வெக்கணும்.

— அப்ப அஞ்சு மூடிக்கு மேல வேணுமே! பாட்டில்ல அவ்வளவு இல்லம்மா! வெளிச்சத்துல பாக்கறேன், நாலு, மிஞ்சிப் போனா நாலர மூடி! மிச்சமெல்லாம் சீலாப் போயிடுச்சு!

— ஸ்டாம்ப் பேடப் புழிஞ்சு தரட்டா?

— வேணாங்க்கா! அதுல பழைய இங்க் இருக்கும்!

— சும்மாதான் கேட்டேன். எனக்கென்ன, மீன் செத்தா நான் ஒண்ணும் அழப்போறதில்ல. காலையில கண்ணாடியத் தட்டினா அது எங்கிட்ட வரும், அவ்வளவுதான் பழக்கம்.

— ஏங்க, அடியில கல்லு போட்டிருக்கா?

— போட்டிருக்கும்மா. நாலு வெரல் ஒயரத்துக்கு. ஏழர செண்டிமீட்டர்.

— அந்த எடத்துல தண்ணியா நிக்குது? கல்லுதானே நிக்குது? அதக் கழிங்க, அறிவாளி!

— கழிச்சா... முப்பத்தாறு போச்சு... நூத்தி எம்பது! நாப்பதால வகுத்தா நாலர! நாலர மூடிம்மா! சரியா நாலர! வேலைக்குச் சேந்த நாள்லேருந்து இப்படி ஒரு கணக்கு டேலி ஆனதே இல்ல!

— கொண்டாட்டம் அப்புறம். ஊத்துங்க! ஒரே எடத்துல கொட்டாதீங்க, சுத்தி ஊத்துங்க.

— ஒண்ணு... ரெண்டு... அக்கா, மூடியச் சாய்க்காம புடிங்க... மூணு... நாலு... அர. முடிஞ்சுது. பாட்டில் காலி. இன்னும் சாஞ்சுதான் இருக்கும்மா!

— இப்பத்தானே ஊத்தினீங்க? காத்து மோட்டார முழுசாத் திருப்புங்க. ஒரு ஜக்குல தொட்டித் தண்ணியவே மொண்டு மேலேருந்து ஊத்திக்கிட்டே இருங்க, காத்து சேரும். அது மேல ஊத்தாதீங்க, ஓரமா. குழாய்ப் பக்கம் போனீங்கன்னா வீட்டுப் பக்கம் வராதீங்க.

— கணக்கு, முட்டி போட்டு ஊத்து. நின்னுக்கிட்டு ஊத்தினா ஊரெல்லாம் தெறிக்குது.

— முட்டி போட்டாச்சு. சார்... சேர்மன் சார்... உங்களக் கெஞ்சிக் கேக்கறேன். கையெழுத்து மட்டும் ஆயிடட்டும். அப்புறம் நீங்க யாரோ, நான் யாரோ.

— செவுள் எப்படி அடிக்குது, சொல்லுங்க.

— படபடன்னு... இல்ல. கொஞ்சம் மெதுவா. அக்கா, மெதுவாத்தானே?

— மெதுவாத்தான். வால ஆட்டுது.

— வால ஆட்டுதும்மா! நிமிருது! நிமிருது! சேர்மன் நிமிந்துட்டாரு! கீழ போறாரு! கல்லு மேல போய் நிக்கறாரு! திரும்பி என்னையே மொறைக்கறாரு! மா, மொறைக்கறாரும்மா!

— கத்தாதீங்க, பாப்பா முழிச்சுட்டா! ஐயோ, சிரிக்கறா பாருங்க! உங்க சத்தம் கேட்டு சிரிக்கறா!

— என் சத்தத்துக்கா? அழலியா? போனக் காதுல வை, போனக் காதுல வை! தங்கம்! அப்பாடா! அப்பா மீனக் காப்பாத்திட்டேன்டா! ஆ! கடிச்சுட்டாரு! வெரலக் கடிச்சுட்டாருக்கா! ரத்தம் வருது, பாருங்க, ரத்தம்! என்ன தெம்பு!

— வெரலத் தொட்டிக்குள்ள விடச் சொன்னது யாரு?

— அக்கா, நீங்க அழறீங்களா?

— கண்ணாடிக்குப் பவர் மாத்தணும். ஒழுங்கா ஒக்காரு. என் போன் அடிக்குது. மேனேஜர்.

— எடுங்க! எடுங்க! பளிச்சுன்னு இருக்குன்னு சொல்லுங்க!

— சொல்லுங்க சார். ஆமா சார், கணக்குப் பையன்தான். ஆமா, முட்டி போட்டுத்தான் இருக்கான். நான் ஒண்ணும் தண்டனை குடுக்கல சார். ஆமா. ஆமா சார். அப்படியா? சரிங்க சார். அவன் ரொம்ப சந்தோஷப்படுவானான்னு தெரியல. சொல்லிடறேன் சார்.

— என்னக்கா? என்ன சொன்னாரு? மா, லைன்லயே இரு!

— இப்பத்தான் சாப்பிட்டுட்டுப் போனத் தொறந்தாராம். நீ மூடி மூடியா அளந்து ஊத்தினத, முட்டி போட்டு ஜக்குல மொண்டத, எல்லாம் பாத்தாராம். கண்ணு கலங்கிடுச்சாம்.

— கேட்டியாம்மா! கண்ணு கலங்கிடுச்சாம்! ஓஸ் புடிச்சதப் பாக்கல, மருந்து ஊத்தினத மட்டும் பாத்திருக்காரு! திங்கக்கிழம வரைக்கும் காத்திருக்கவே வேணாம்!

— வேணாம்தான். உன் ஆர்டர இப்பவே நிறுத்தச் சொல்லிட்டாரு.

— நிறுத்தவா?

— இப்படிப்பட்ட ஒருத்தன வெளியூருக்கு விட்டா சேர்மன யாரு பாத்துக்கறதுன்னு கேட்டாரு. இன்னும் பெரிய தொட்டியா வாங்கப் போறாராம். நாலு மீன் விடப் போறாராம். எல்லாத்துக்கும் நீதான் பொறுப்பு.

— மா... லைன்ல இருக்கியா?

— இருக்கேன். நாலர மூடின்னு நாந்தானே கணக்குச் சொல்லிக் குடுத்தேன்.

— அக்கா, அந்த ஸ்டோர்காரன்... மீனச் சாகடிச்சவன்... அவனத் தூக்கினாருன்னீங்களே, எங்க போட்டாரு?

— இப்பவாச்சும் கேட்டியே. உங்க ஊரு ஆபீஸுக்குத்தான். கோவத்துல அவருக்கு அதவிட மோசமான ஊரு ஞாபகம் வரல.

— அக்கா! இத மொதல்லயே சொல்றதுக்கு என்ன!

— சொல்லியிருந்தா நீ பாட்டிலத் தேடியிருப்பியா?