உப்புக்கு வந்த தேனீ

— அடிக்காதேக்கா. கொட்ட வரல. உன் வேர்வையில இருக்கிற உப்பைக் குடிக்குது.

— காலையிலேர்ந்து சிமெண்ட் குழைச்ச கை இது. இதுக்கு வேற ஆளே கிடைக்கலையா?

— அதனாலதான் பேரே வியர்வைத் தேனீ. கையை ஆட்டாம வச்சுக்கோ. முதுகைப் பாரேன்.

— ம்க்கும். அரிசி நீளம்தான் இருக்கு, பச்சைத் தகடு மாதிரி என்ன மினுக்கு மினுக்குது. சரி விடு, வந்த வேலையைப் பாருடி. மதியம் இங்க கான்கிரீட் போடறோம். என் தங்கச்சி தேனீ புடிக்கிறான்னு மேஸ்திரி நிறுத்தி வைக்க மாட்டாரு.

— அதுக்குள்ள கூட்டைத் தோண்டி ஆய்வுக்கூடத்துக்குக் கொண்டுபோயிடணும். இல்லன்னா உள்ள இருக்கிறது மொத்தமும் கல்லாயிடும். நீயும் மதியத்துக்குள்ள கிரேன்காரருக்குப் பதில் சொல்லணும்ல?

— அதை எதுக்கு இப்ப இழுக்கறே?

— அந்த மனுஷன் வேற ஊர் சைட்டுக்குக் கிளம்பறாரு. கட்டிக்கிறேன், கூட வர்றியான்னு கேட்டுட்டு நிக்கறாரு.

— நிக்கட்டும். கக்கூசுக்கே சுவரைப் பிடிச்சுக்கிட்டுப் போற அம்மாவை யாரு பாப்பா? நீயா? ஹாஸ்டல்ல வளந்தவ. அதோட மாத்திரை பேரு ஒண்ணு தெரியுமா உனக்கு?

— தெரியாது. கத்துக்கறேன்.

— கிழிச்சே. ஓட்டை எங்க, காட்டு.

— இதோ.

— இதுவா? உள்ளேர்ந்து ஒரு மூஞ்சி முறைக்குதே.

— அதான் கதவு. தலையாலேயே வாசலை அடைச்சுக்கிட்டு நிக்கும். வீட்டாளு வந்தா பின்னாடி நகர்ந்து வழி விடும். எறும்பு வந்தா திரும்பி நின்னு முதுகால அடைச்சிடும்.

— ஆளு எப்படித் தெரியும் அதுக்கு?

— வாசனைதான். இன்னொண்ணு கேளேன். கூடப்பொறந்ததைப் பிரிச்சு வேற இடத்துல வளத்து, இங்க கொண்டாந்து விட்டுப் பாத்திருக்காங்க. ரெண்டும் ஒரு நாளும் பாத்துக்கிட்டதில்ல. முகர்ந்து பாத்துட்டு உள்ள விட்டுடுச்சு.

— பாக்காமயேவா?

— பாக்காமயே.

— உன்னை முதல் லீவுக்குக் கூட்டிட்டு வந்தப்போ எனக்கே அடையாளம் தெரியலடி.

— இப்ப ஓட்டைக்குள்ள இந்தச் சுண்ணாம்புத் தூளை ஊதப்போறேன். வழி எல்லாம் வெள்ளையாத் தெரியும், அதைப் பாத்து வெட்டிக்கிட்டே போகணும்.

— கரண்டியைக் கொடு. நீ வெட்டினா மண்ணு சரியும், ஓரத்துலேர்ந்து சீவணும். ஏய், இந்த அறையைப் பாரு. உள்சுவர் என்ன பளபளப்பு. எவன் பூசினான் இதை?

— அதேதான் பூசும். வயித்துல ஊறுற பசை. தண்ணி இறங்காது.

— நாங்க மொட்டை மாடியில எத்தனை கோட்டு அடிச்சும் ஒழுகுது. இந்த மஞ்சள் உருண்டை?

— மகரந்தம். மேல வளைஞ்சு படுத்திருக்கே, அது முட்டை. பொறக்கப்போற பிள்ளைக்கு மொத்தச் சாப்பாடும் அந்த உருண்டைதான். தாய் ஒண்டியாத் திரிஞ்சு சேக்கறதால மூத்த பொண்ணுங்களுக்குச் சின்ன உருண்டையா வச்சிடும். மூத்தது குட்டையாப் பொறந்து வீட்டோட நின்னு உழைக்கும். அது கொண்டாந்து கொட்டறதுல பின்னாடி வர்றதுக்குப் பெரிய உருண்டை. அதுங்க கொழுத்து ராணியாகும்.

— அப்போ நீ பெரிய உருண்டை.

— ஆமாக்கா. உன் கூலியில உருட்டினது.

— அழுது தொலைக்காதே, சுண்ணாம்பு கரைஞ்சிடும். அந்த மூத்ததால முட்டை வைக்க முடியாதா?

— முடியும். தாய்க்கு இருக்கிறது எல்லாம் அதுக்கும் இருக்கு. ஆனா தாய் முட்டி முட்டி வேலைக்குத் தள்ளிக்கிட்டே இருக்கும். அதுலயே காலம் போயிடும். சிலது மட்டும்...

— சிலது?

— வெளிய போனது திரும்பி வராது. ஜோடி சேந்து, தனியா மண்ணைத் தோண்டி, தானே தாயாயிடும். அதுவும் குட்டையாப் பொறந்ததுதான்.

— இதுக்கு மூளை கடுகளவு இருக்குமா?

— அதுகூட இருக்காது.

— காலுக்குக் கீழ இவ்வளவு நடந்திருக்கு. நான் மேல நின்னு ஜல்லி கொட்டிக்கிட்டு இருந்திருக்கேன். இந்தா, கூடு சிதையல. டப்பாவை மூடு.

— நீ எங்க போறே?

— கிரேன்கிட்ட. வர்றேன்னு சொல்லப்போறேன். அம்மா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கும். படுத்துக்கட்டும். நீ பக்கத்துல இரு.

— நீயாத்தான் சொல்றியா?

— பின்ன, இந்தத் தேனீ வந்து சொல்லுச்சா? ஏன்டி அப்படிப் பாக்கறே?

— நீயா வாயைத் திறக்கிற வரைக்கும் சொல்லக்கூடாதுன்னு அம்மா சத்தியம் வாங்கிக்கிச்சு. தான் சொன்னதுன்னு தெரிஞ்சா, அதையும் ஒரு வேலையா நினைச்சு அவ செஞ்சு முடிச்சிடுவான்னுச்சு.

— என்னத்தைச் சொல்லக்கூடாது?

— தெருவுல உக்காந்து உக்காந்து எழுந்து, இந்த கேட் வரைக்கும் நடந்து வந்து, என் பெரியவளைக் கட்டிக்கிறியாப்பான்னு அந்த மனுஷன்கிட்ட முதல்ல கேட்டதே அம்மாதான்க்கா.