மூரிலோவுக்கு வராத பதில்

சமையல் எனக்குப் பிடித்த வேலை. ஒருவனுக்கு மட்டும் சமைப்பதுதான் பிடிக்காது. என் மனைவி சந்திரவதனா இறந்த பிறகு, லண்டன் பிளேஸ்டோவில் உள்ள என் வீட்டின் மேல் அறையை மூரிலோவுக்குக் கொடுத்தது அதனால்தான்.

நீங்கள் கேட்பதால் அவனைப் பற்றிச் சொல்கிறேன். பிரேசிலில் அவன் தெரிந்த முகம். இருபத்தாறு வயதில் தான் எழுதிய தொலைக்காட்சித் தொடரில் தானே திருடனாக நடித்தான். அங்கே பஸ்ஸில் ஏறினால், ஆட்கள் கைப்பையைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்களாம். லண்டனில் அவனை யாருக்கும் தெரியாது. ஒரு கஃபேயில் கோப்பை கழுவிக்கொண்டு கதை எழுதினான்.

இங்கே நடிகர்களை நேரில் கூப்பிட்டுப் பார்ப்பது குறைவு. வீட்டிலேயே நடித்து வீடியோ அனுப்ப வேண்டும். எதிர்ப் பாத்திரத்தின் வசனத்தை கமராவுக்குப் பின்னால் நின்று ஒருவர் வாசிக்க வேண்டும். அந்த ஒருவர் நான். அவனுடைய போன் பழையது. என் போனில் எடுத்து, என் மின்னஞ்சலிலிருந்து நானே அனுப்புவதாக ஏற்பாடு; பதிலும் அதற்கே வரும். எடுத்ததை அவன் பார்க்கவே மாட்டான். பார்த்தால் வாய்ப்புப் போய்விடும் என்று ஒரு நம்பிக்கை.

பக்கத்து வீட்டு மேரிசாந்தி வேலிக்கு மேலால் கேட்பாள்.

“யோகலிங்கண்ணை, நேற்று ஆரையோ கொலைகாரா எண்டு கத்தினியள். பொலிசுக்கு போன் அடிக்கட்டோ?”

“அது நடிப்புப் பிள்ளை.”

“அப்ப காதல் காட்சி எப்ப? சொல்லுங்கோ, கதிரை கொண்டு வாறன்.”

முதல் வீடியோவை ஒழுங்காக அனுப்பினேன். கிளாஸ்கோவில் ஒரு தொடரில் வேடம் கிடைத்து ஏழு வாரம் போய்விட்டான். ஒருநாள் டாக்டரிடம் போய் என் பெயரைச் சொன்னபோது, என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. அதற்கு முன் எத்தனை நாள் பேசாமல் இருந்தேன் என்று தெரியவில்லை.

அவன் திரும்பி வந்த பிறகு எடுத்த வீடியோக்கள் முப்பத்தெட்டு. ஒன்றையும் நான் அனுப்பவில்லை.

அந்தத் தொழிலில் வேண்டாம் என்று யாரும் எழுதுவதில்லை. பதில் வராவிட்டால் வேண்டாம் என்று அர்த்தம். ஆகவே நான் எதையும் புனைய வேண்டியிருக்கவில்லை. “போட்டாச்சோ அண்ணை?” என்று கேட்பான். அந்தளவு தமிழ் அவனுக்கு வந்திருந்தது. “ஓம்” என்பேன். மூன்று வருடத்தில் நான் சொன்ன பொய் அந்த ஒரு சொல்தான்.

கடைசி வீடியோ அவனே எழுதிய படத்துக்கு. லிஸ்பனில் ஒரு கம்பனிக்குக் கதை பிடித்திருந்தது. நாயகனாக அவன் நடிப்பதைப் பார்க்கக் கேட்டார்கள். வீட்டைவிட்டுப் போகும் மகன் அவன். வழியனுப்பும் தகப்பன் நான். வசனம் முடிந்ததும் என்னைக் கட்டிக்கொண்டு அழுதான்.

வீடியோ வரவில்லையே என்று கம்பனி என் மின்னஞ்சலுக்கு இரண்டு தடவை எழுதியது. அழித்துவிட்டேன். அவனும் விசாரித்து எழுதவில்லை. அது கெஞ்சுவதுபோல் ஆகிவிடும் என்றான்.

மூன்று மாதம் காத்திருந்துவிட்டு, எழுதியதையெல்லாம் கிழித்துப் போட்டான். கஃபேக்குப் போவதையும் விட்டான். இறால் குழம்பு வைத்து, பக்கத்தில் இருந்து சாப்பிடச் செய்தேன். உண்மையைச் சொன்னால், அவை நல்ல மாதங்கள். நாள் முழுக்க வீட்டில் இருந்தான்.

பெப்ரவரியில் தன் உயிரைத் தானே எடுத்துக்கொண்டான். எழுதி வைத்தது இரண்டு வரி: தனக்குத் திறமை இல்லை, இத்தனை நாள் பொறுமையாக வாசித்த அண்ணைக்கு நன்றி.

செத்தவீடு முடிந்த அன்று பின்னேரம் லிஸ்பனுக்கு அந்த வீடியோவை அனுப்பினேன். இரண்டு மணித்தியாலத்தில் பதில் வந்தது. இவரைத்தான் தேடிக்கொண்டிருந்தோம், உடனே வரச் சொல்லுங்கள், ஒரு வருடமாவது இங்கே தங்க வேண்டியிருக்கும் என்று.

ஒரு வருடம். நான் பயந்தது வீண் பயம் இல்லை என்பது இப்போது உங்களுக்கும் விளங்கியிருக்கும்.