செத்த பிறகு ஒரு சிரிப்பு

இன்னும் கொஞ்சம் பால் வாங்கி வைத்திருக்கலாம்; இத்தனை பேர் வருவார்கள் என்று யார் கண்டது? இன்ஸ்பெக்டர் அன்புக்கரசி வாசலில் செருப்பைக் கழற்றியபோது என் மனதில் ஓடியது அதுதான். போலீஸ் என்றாலும் வீட்டுக்கு வந்தவர்கள். டீ கூடக் கொடுக்காமல் எப்படி?

அவர் கேட்டார், சொல்கிறேன். மறைக்க ஒன்றும் இல்லை.

என் வீட்டுக்காரர் கலியமூர்த்தியை நீங்கள் பார்த்திருப்பீர்கள். பெயர்தான் தெரிந்திருக்காது. சினிமாவிலும் சீரியலிலும் கதாநாயகியின் அப்பா, வந்த வேகத்தில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்வாரே, அவர். அப்புறம் கதை முழுக்க மாலை போட்ட போட்டோதான். அந்தப் போட்டோக்களைக் கேட்டு வாங்கி, விருத்தாசலம் பஸ்ஸில் மடியில் வைத்துக் கொண்டுவந்து கூடத்தில் மாட்டுவார். அவற்றின் கீழே உட்கார்ந்து இட்லி சாப்பிடுவார். சேத்தியாத்தோப்பில் ஒரு அம்மாள் அவரைப் பார்த்து, "ஐயோ, நீங்க செத்துட்டீங்களே!" என்று அழுதேவிட்டாள்.

பக்கத்து வீட்டு வீராயிக்கு இதெல்லாம் தமாஷ். "என்னா திரௌபதி, உன் வூட்டுக்காரரு நேத்து மறுபடியும் செத்துட்டாரு. கருமாதி சோறு எப்போ?"

"வடை சுடுறேன், வந்துட்டுப் போ" என்பேன்.

ஷூட்டிங்கில் ஒரு வழக்கம் உண்டு. பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். இல்லாவிட்டால் ஆகாது. வீட்டில் செத்துப் பழகும்போதும் அவர் சிரிக்காமல் எழுந்ததில்லை. நான் பீங்கான் கம்பெனியில் பொம்மைகளுக்குக் கண் எழுதுகிறவள். "கண்ண இன்னும் கொஞ்சம் மூடுங்க" என்று திருத்துவேன். கேட்டுக்கொள்வார். நல்ல வாழ்க்கைதான்.

போன தை மாதம் புது சீரியல் ஒன்று வந்தது. அதில் அவர் சாகவே மாட்டார். பக்கத்தில் ஒரு மனைவி. சென்னையிலேயே தங்க வேண்டும். வசனம் பழக என்னை எதிரே நிற்க வைத்தார். "நீ இல்லாம எனக்கு ஏதும்மா வாழ்க்கை" என்று சொல்ல வேண்டும். கல்யாணமான நாளிலிருந்து என்னை 'இந்தா' என்று கூப்பிட்டுப் பழகியவர். வரவில்லை.

"உன் மூஞ்சியப் பாத்தா வர மாட்டேங்குது. நீ போ" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடிப் பக்கம் திரும்பினார். கண்ணாடியிடம் நன்றாகவே வந்தது.

எனக்கு அதில் வருத்தம் இல்லை. அவர் பெயர் கெட்டுவிடுமே என்றுதான் யோசித்தேன். உயிரோடு இருக்கிற வேஷம் அவருக்குப் பொருந்தாது. ஊர் சிரிக்கும்.

இருதயத்துக்கு அவர் தினமும் போடும் மாத்திரையை நான்தான் எடுத்துக் கொடுப்பேன். அன்றிலிருந்து அதற்குப் பதில் சத்து மாத்திரை கொடுத்தேன். அதுவும் உடம்புக்கு நல்லதுதானே.

சென்னைக்குக் கிளம்ப வேண்டிய காலையில் நெஞ்சு வலி வந்தது. அவசரத்துக்கு நாக்குக்கு அடியில் வைக்கிற மாத்திரை கட்டிலோரம் பீங்கான் சாடியில் இருக்கும். அவர் கை சாடியைத் தேடியது. அதற்குள் நான் எடுத்து இடுப்பில் வைத்துக்கொண்டிருந்தேன்.

"திரௌபதி" என்றார். என் பெயர். அவ்வளவு அருமையாக அவர் எந்த வசனத்தையும் சொன்னதில்லை.

கறிவேப்பிலை கேட்டு வந்த வீராயி ஜன்னலில் எட்டிப் பார்த்தபோதும் நான் சாடியோடு அப்படியே நின்றிருந்தேன். அவர் சிரிக்கட்டும் என்று காத்திருந்தேன்.

இப்போது அதே கட்டிலில் கான்ஸ்டபிள் நந்தகுமாரைப் படுக்க வைத்திருக்கிறார்கள். வீடியோ எடுக்கிறார்களாம். பாவம், கண்ணை ரொம்ப இறுக்கமாக மூடியிருக்கிறார்.

"எழுந்திரிக்கும்போது சிரிச்சிடுங்க தம்பி. இல்லன்னா ஆகாது" என்றேன்.

இன்ஸ்பெக்டர் அதே மாதிரி ஒரு சாடியை என்னிடம் நீட்டினார். "அன்னைக்கு எங்க நின்னீங்க, எப்படி நின்னீங்க, அப்படியே செஞ்சு காட்டுங்கம்மா."

நான் கையை நீட்டவில்லை.

"வேணாங்க மேடம். எனக்கு நடிக்க வராதுங்க."