அடி இல்லாத குடம்

"குடத்தை மேல வைக்கேன்க்கா, குடுங்க."

"வேண்டாம்மா, இது கோர்ட்டுல காட்ட வேண்டிய குடம்."

ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூர் போகும் காலைப் பேருந்தில், எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். மூத்தவர் மடியில் பிளாஸ்டிக் குடம். அதற்கு அடிப்பாகம் இல்லை.

"என்ன கேஸுக்கா?"

"எங் கொழுந்தன் வீட்டுக் கிணத்துல எங்களுக்கும் பாத்தியம் உண்டு. மோட்டார் போட்டு ஹோஸ் இழுத்தேன். பத்திரத்துல குடத்துல எடுக்கணும்னுதான் இருக்குன்னு கேஸ் போட்டுட்டான்."

"பொறவு?"

"குடத்து அடியை அறுத்து, ஹோஸை அதுக்குள்ள விட்டேன். இப்ப தண்ணி குடத்து வழியாத்தான வருது?"

"அதுக்கு அவரு என்ன சொல்லுதாரு?"

"அடி இல்லாதது குடமே இல்லையாம். கொண்டாந்து காட்டுங்கன்னு கோர்ட்டுல சொல்லிட்டாவ."

"குடம் இங்க இருக்கே, இன்னைக்கு வீட்டுல தண்ணிக்கு என்ன செய்வீய?"

"ஹோஸை நேரா தொட்டியில போட்டு, மோட்டாரைப் போட்டுவிட்டு வந்திருக்கேன்."

"அவரு சண்டைக்கு வர மாட்டாரா?"

மூத்தவர் ஓட்டுநருக்குப் பின்னால் இருந்தவரைத் தாடையால் காட்டினார்.

"எப்படி வருவான்? அந்தா, கோர்ட்டுக்குல்லா போறான்."