அம்சவல்லியின் கைநாட்டு

எனக்குச் சர்க்கரை. அதனால் நீங்கள் எடுத்து வைத்த பாதுஷாவைத் தொடாமல் எழுதுகிறேன், தப்பாக நினைக்காதீர்கள் ஜெயஸ்ரீ அம்மா. எழுத்தர் சங்கத்துக்கு நீங்கள் செயலாளராக வந்த பிறகுதான் விசாரணைக்கு வருகிறவனுக்கும் பலகாரம் கிடைக்கிறது. முந்திய செயலாளர் தண்ணீர்கூடக் கொடுக்கமாட்டார்.

நடந்ததை உள்ளபடி எழுதச் சொன்னீர்கள். நான் சுப்புராயன், வயது ஐம்பத்தெட்டு, விருத்தாசலத்தில் முப்பது வருஷமாக மண்ணெழுத்தன். ஈரமான மண்வில்லையில் எழுதுவேன். சூளையில் வெந்து வெளியே வந்ததும் எழுதியது நடக்கும். வில்லை உடைகிறவரைக்கும் நடந்துகொண்டே இருக்கும். இந்த ஊரில் பொம்மை சுடுகிறவர்கள், ஜாடி சுடுகிறவர்கள், ஃபியூஸ் கட்டை சுடுகிறவர்கள் எல்லோரும் இருக்கிறார்கள். எங்களுக்கு மட்டும் மரியாதை கொஞ்சம் கூடுதல். "கெணத்துல தண்ணி ஊறணுங்க", "மருமவன் குடிக்கக் கூடாதுங்க" என்று விடிந்ததும் வாசலில் வந்து நிற்பார்கள்.

எங்கள் தொழிலில் ஒரு கட்டுப்பாடு உண்டு. உங்களுக்குத் தெரிந்ததுதான், வாக்குமூலம் என்பதால் எழுதுகிறேன். ஒருவர் எழுதினால் இன்னொரு எழுத்தர் அதை வாசித்துப் பார்த்து ஓரத்தில் கைநாட்டு வைக்க வேண்டும். அது இல்லாவிட்டால் வில்லை வெந்தாலும் வெறும் ஓடுதான். தனி ஆளாக யாரும் அக்கிரமம் செய்துவிடக் கூடாது என்று பெரியவர்கள் வைத்த ஏற்பாடு. நல்ல ஏற்பாடு, நான் குறை சொல்லவில்லை.

எனக்குக் கைநாட்டு வைப்பவள் அம்சவல்லி, அவளுக்கு நான். பக்கத்துப் பக்கத்துப் பட்டறை, பதினேழு வருஷப் பழக்கம். என்னை அண்ணே என்றுதான் கூப்பிடுவாள். முதல் இரண்டு வருஷம் ஒருவர் எழுதியதை ஒருவர் ஒழுங்காக வாசித்தோம். அப்புறம் விட்டுவிட்டோம். மண் காய்ந்துவிடும் என்ற அவசரம் ஒரு பக்கம், அண்ணனைச் சந்தேகப்படுகிற மாதிரி இருக்குமே என்ற கூச்சம் ஒரு பக்கம். ஊரில் எல்லாப் பட்டறையிலும் இப்படித்தான். உங்கள் பட்டறையில் இல்லையென்று சொல்லுங்கள் பார்ப்போம்.

விருதுக்கு வருகிறேன். குறைந்த சொல்லில் பெரிய காரியம் செய்த வில்லைக்கு வருஷா வருஷம் வெள்ளி எழுத்தாணி கொடுக்கிறீர்கள். எனக்கு ஒன்பது முறை இரண்டாம் இடம். இரண்டாம் இடத்துக்கு எவர்சில்வர் டிபன் கேரியர். வீட்டில் ஒன்பது கேரியர் இருக்கின்றன, சாப்பிடுவது நான் ஒருத்தன்.

ஒன்பதில் ஆறு முறை எழுத்தாணி வாங்கியவள் அம்சவல்லி. எனக்குப் பொறாமை கிடையாது. இந்த வருஷம் போட்டிக்கு அவள் எழுதியது நான்கே சொல்: "தவறவிட்ட பஸ்ஸு திரும்பி வரும்." கைப்பிள்ளையோடு ஓடிவருகிற ஒருத்தி வேப்பூர் கூட்ரோட்டில் பஸ்ஸை விட்டுவிட்டால், ஐந்து நிமிஷத்தில் அதே பஸ்ஸு திரும்பி வந்து நிற்கிறது. டிரைவர் தலையைச் சொறிந்துகொண்டு "ஏறு தாயி" என்கிறார். அதற்குக் கைநாட்டு வைத்தவன் நான்தான். அன்றைக்கென்று பார்த்து வாசித்தும் தொலைத்தேன். வயிறு எரிந்தது உண்மை. மத்தியானம் சாப்பிட்ட கத்தரிக்காயாகவும் இருக்கலாம்.

மறுநாள் நானும் ஒன்று எழுத உட்கார்ந்தேன். நடுவர்கள் ஒரு நாள் மட்டும் அவளை மறந்தால் போதும் என்றுதான் நினைத்தேன். அதை அப்படியே எழுதினால் நீண்டுவிடும், நீட்டி எழுதினால் உங்கள் நடுவர்களுக்குப் பிடிக்காது. குறைத்தேன். "ஒரு நாள்" என்பது போயிற்று, நடுவர்களும் போனார்கள். மிஞ்சியது மூன்று சொல்: "அம்சவல்லியை யாருக்கும் தெரியாது." சுருக்கியதில் விஷயம் கொஞ்சம் பெரிதாகிவிட்டது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ஓர் அடித்தல் திருத்தல் கிடையாது.

காயாமலிருக்க ஈரத்துணி போர்த்தி, வழக்கம்போல் ஓரம் மட்டும் தெரிய, அவள் பட்டறைக்கு எடுத்துப் போனேன். அவள் மகள் இனியாவின் ஸ்கூலில் ஆண்டு விழா. கிளம்பிக்கொண்டிருந்தாள்.

"என்னாண்ணே, போட்டிக்கா?"

"ஆமாம்மா. படிச்சிட்டு வையி."

"நீ எழுதனதுல நான் என்னாத்த கண்டுபுடிக்கப் போறேன். இந்தத் தபா உனக்குத்தாண்ணே கெடைக்கணும்."

சொல்லிக்கொண்டே கட்டைவிரலை அழுத்தினாள். நான் படிக்கச் சொன்னேன் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

மறுநாள் காலையில் சூளையைப் பிரித்தேன். எழுதியவரையும் கைநாட்டு வைத்தவரையும் வில்லை தொடாது. அதனால் எனக்கு அவளைத் தெரியும், அவளுக்கும் எல்லாம் நினைவிருக்கிறது. மற்றபடி யாருக்கும் தெரியாது. நான் அவள் வீட்டுக்குப் போனபோது இனியா வாசலை மறித்து நின்று, "யாருங்க நீங்க? எங்க வூட்டுக்குள்ள எப்பிடி வந்தீங்க?" என்று தன் அம்மாவைக் கேட்டுக்கொண்டிருந்தாள். புருஷன் திருமால் பின்னால் நின்று போலீசுக்குப் போன் போட்டுக்கொண்டிருந்தான். பெண் மரியாதையாகத்தான் கேட்டாள். அம்சவல்லி பிள்ளையை நல்லபடி வளர்த்திருக்கிறாள்.

போட்டியில் நடுவர் ராஜாங்கம் என் வில்லையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"யாருய்யா இந்த அம்சவல்லி?"

மற்ற நடுவர்களும் உதட்டைப் பிதுக்கினார்கள். "அதாங்க, வேலை செய்யுது," என்றேன். எழுந்து நின்று கைதட்டினார்கள். யார் எழுதியதென்றே தெரியாத பஸ்ஸு வில்லைக்கு இரண்டாம் இடம். கேரியரை வாங்கிக்கொள்ள ஆளில்லை.

என் வில்லையில் இருக்கும் கைநாட்டும், உங்கள் ஆபீஸ் பெஞ்சில் மனுவோடு உட்கார்ந்திருக்கும் பெண்ணின் விரலும் ஒத்துப்போகின்றன என்று கண்டுபிடித்தீர்கள். கெட்டிக்காரத்தனம்தான். அவள் மனுவில் சொல்லியிருப்பதை நான் செய்தேன். தெரிந்தே செய்தேன்.

வில்லையை உடைக்கச் சொல்கிறீர்கள். எழுதியவன் கையால்தான் அது உடையும். உடைந்தால் விருது இரண்டாம் இடத்துக்கு, அதாவது அவளுக்கே போகும். அதற்காகத் தயங்குகிறேன் என்று நினைக்க வேண்டாம். பழமலைநாதர் சாட்சியாக உடைப்பேன். மாசிமகம் மட்டும் கழியட்டும். எழுத்தாணியோடு என்னை மேடையில் உட்காரவைக்க ஊரில் ஏற்பாடு செய்திருக்கிறார்கள், அவர்கள் மனம் நோகக் கூடாது.

அதுவரை அவளை நான் விட்டுவிடவில்லை. ஜங்ஷனில்தான் படுத்துக்கொள்கிறாள். தினமும் காலையில் நான்கு இட்லியும் டீயும் கொண்டுபோய்க் கொடுக்கிறேன். நேற்று இட்லியைத் தொடாமல் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணே, எம்பொண்ணு ஒரே ஒரு தடவ என்ன அம்மான்னு கூப்புடட்டும்ணே. அப்புறம் வேணும்னா திரும்ப எழுதிக்க. நானே கைநாட்டு வெக்கிறேன்."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. எனக்கும் மனசு இருக்கிறது.

இந்த ஊரில் தனக்கு யாருமே இல்லை என்று மனுவின் கடைசியில் எழுதியிருக்கிறாள். அந்த வரியை மட்டும் அடித்துவிடுங்கள் அம்மா. நான் இருக்கிறேனே.